வயது கேட்கும் வேலை

1986 ஜனவரியில் பிரதமர் ராஜீவ் காந்தி ஜவ்வாது மலையிலுள்ள காவலூருக்கு வந்தார். அங்கே நிறுவியிருந்த 2.34 மீட்டர் தொலைநோக்கிக்கு வானியலாளர் வேணு பாப்புவின் பெயர் சூட்டப்பட்டது. நட்சத்திரம் பார்ப்பவர்களுக்கு அது பெரிய நாள். மலையில் வீடு வீடாகப் போய்ப் பெண்களிடம் கணக்கெடுப்பவர்களுக்கும் அந்த நாள் உதவியது. “ராஜீவ் காந்தி காவலூர் வந்தாரே, அப்ப உனக்குக் கண்ணாலம் ஆயிடுச்சா ஆயா?” என்று கேட்டால், “ஆவல, சமைஞ்சி ஊட்ல இருந்தேன்” என்றோ, “பெரியவன் இடுப்புல இருந்தான்” என்றோ பதில் வரும். அங்கிருந்து முன்னும் பின்னும் எண்ணினால் கல்யாண வயதைப் பிடித்துவிடலாம்.

இப்படி எண்ணிக் கண்டுபிடிப்பதையே தொழிலாகக் கொண்ட ஒருவர் இருக்கிறார். போளூர்ப் பக்கத்துச் சமவெளிக்காரர். சிறுவயதுத் திருமணம், வீட்டுப் பிரசவம், தீட்டு, ரத்தசோகை, வீட்டுக்குள் அடி உதை என்று பெண்களின் உடல்நலம் பற்றிய ஆய்வுகளுக்குக் களத்தில் கேள்வி கேட்பவர். தொண்ணூறுகளின் நடுவில் தினப்படி வாங்கும் கணக்கெடுப்பாளராக மலையேறினார். பிறகு கேள்வித்தாள் எழுதும் இடத்துக்கும், புதிதாக வருபவர்களுக்குப் பயிற்சி கொடுக்கும் இடத்துக்கும் வந்தார். பெயர் போட வேண்டாம் என்கிறார். அவர் பெயர் தெரிந்தால் அவர் போன ஊர் தெரியும். ஊர் தெரிந்தால் யார் என்ன சொல்லியிருப்பார்கள் என்பதும் தெரிந்துவிடும். முப்பது வீட்டுக் குக்கிராமத்தில் அதற்கு ஒரு பொழுதுகூட வேண்டாம்.

அவருடைய பையில் ஒரு நோட்டு இருக்கும். எம்.ஜி.ஆர். இறந்தது (1987 டிசம்பர்), திருவண்ணாமலை தனி மாவட்டமானது (1989), ராஜீவ் கொல்லப்பட்டது (1991 மே), சுனாமி (2004 டிசம்பர்), பழைய ஐந்நூறு ரூபாய் செல்லாமல் போனது (2016 நவம்பர்), கொரோனா ஊரடங்கு (2020 மார்ச்) என்று அதில் வரிசையாக எழுதியிருப்பார். சுனாமிக்கும் மலைக்கும் சம்பந்தமில்லைதான்; டிவியில் பார்த்த ஞாபகம் எல்லாருக்கும் உண்டு. ஆனால் இவை எல்லாவற்றையும்விட நம்பகமானது சாமை அறுப்பு. “சமைஞ்சி ரெண்டு சாமை அறுப்பு கழிச்சிக் கட்டிக் குடுத்தாங்க” என்று ஒருத்தி சொன்னால் அந்தக் கணக்கில் பிசகு வராது. ஆதார் அட்டையை அவர் அவ்வளவாக நம்புவதில்லை. மலையில் பலருக்குப் பிறந்த நாள் ஜனவரி 1. இல்லாவிட்டால் மே மாதத்தில் ஏதோ ஒரு தேதி. பள்ளியில் சேர்த்த அன்று, ஜூனில் ஐந்து வயது நிரம்பும்படி வாத்தியார் கணக்குப் போட்டு எழுதியது.

இவ்வளவு பாடும் ஒரே ஒரு எண்ணுக்காக. 20 முதல் 24 வயதுக்குள் இருக்கும் பெண்களில் எத்தனை பேருக்குப் பதினெட்டு நிரம்பும் முன் கல்யாணம் ஆனது என்பதை வைத்துத்தான் உலகம் முழுக்கக் குழந்தைத் திருமணத்தை அளக்கிறார்கள். பதினாறு வயதுப் பெண்ணிடம் கேட்டு ‘ஆகவில்லை’ என்று எழுதிக்கொண்டு வந்தால், வருகிற தையில் ஆகிவிடலாம். இருபதைத் தாண்டியவளிடம் கேட்டால் அது முடிந்த கணக்கு. 2019-21இல் நடந்த ஐந்தாவது தேசியக் குடும்பநல ஆய்வில் இந்த எண் இந்தியாவுக்கு 23.3 விழுக்காடு, தமிழ்நாட்டுக்கு 12.8. அதற்கு முந்தைய 2015-16 ஆய்வில் 26.8, 16.3. இறங்கத்தான் செய்கிறது. ஆனால் இந்த எண் காட்டுவது சில வருஷங்களுக்கு முன் நடந்த கல்யாணங்களை. போன மாசம் தாலி கட்டிக்கொண்ட பதினாறு வயதுப் பெண் இந்த அட்டவணைக்குள் வர இன்னும் நாலு வருஷம் ஆகும்.

மாநிலச் சராசரியில் மலை கரைந்துபோகிறது என்பது அவருடைய பழைய புகார். 2011 கணக்கெடுப்பில் தமிழ்நாட்டின் பழங்குடியினர் ஏறத்தாழ 7.95 லட்சம் பேர், மாநில மக்கள்தொகையில் 1.1 விழுக்காடு. அவர்களில் பெரிய பிரிவு மலையாளிகள். கேரளத்துக்கும் இவர்களுக்கும் தொடர்பில்லை. சேர்வராயன், கல்வராயன், ஜவ்வாது போன்ற மலைகளில் தமிழ் பேசி வாழ்பவர்கள். தமிழ்நாட்டில் 99.6 விழுக்காடு பிரசவம் மருத்துவமனையில் நடக்கிறது என்று அதே ஐந்தாவது ஆய்வு சொல்கிறது. மீதி 0.4 எங்கே இருக்கிறது என்று அந்த அட்டவணையைப் பார்த்துச் சொல்ல முடியாது. டாக்டர் அபய் பங் தலைமையிலான பழங்குடியினர் நலவாழ்வு நிபுணர் குழு 2018இல் கொடுத்த அறிக்கை சுட்டிய குறைகளில் இதுவும் ஒன்று: பழங்குடியினருக்கென்று தனிப் புள்ளிவிவரம் கிடைப்பதில்லை.

மற்ற ஆய்வாளர்கள் கேள்வித்தாளைப் பற்றிப் பேசுவார்கள். இவர் மாமியாரைப் பற்றிப் பேசுவார். மருமகளிடம் கேட்ட கேள்விக்கு அடுப்படியிலிருந்து மாமியார் பதில் சொல்வதுதான் இந்தத் தொழிலின் அன்றாடத் தொல்லை. அதனால் இருவராகப் போவார்கள். ஒருவர் மாமியாரிடம் நிலம் எவ்வளவு, மாடு எத்தனை, ரேஷன் அட்டையில் யார் யார் என்று நீட்டிக்கொண்டே இருக்க, மற்றவர் மருமகளோடு தண்ணிக்குடம் தூக்கக் கிளம்பிவிடுவார். அடி உதை பற்றிய கேள்விகளுக்கு விதிமுறை இன்னும் கடுமை. உலக சுகாதார நிறுவனம் 2001இல் வெளியிட்ட நெறிமுறைப்படி ஒரு வீட்டில் ஒரு பெண்ணிடம்தான் அவற்றைக் கேட்கலாம். இன்னொருத்தியிடமும் கேட்டால் முதலாமவளிடம் கேட்டது என்ன என்று வீட்டுக்கே தெரிந்துவிடும். நடுவில் யாராவது வந்தால் தாவிக்கொள்ள வேறு கேள்விகளும் கைவசம் இருக்க வேண்டும். அவர் தாவுவது தடுப்பூசிக்கு. வாசலில் புருஷன் செருப்பைக் கழற்றும் சத்தம் கேட்டதுமே, “போலியோ சொட்டு எத்தினி தபா போட்டீங்கமா?” சில பெண்களுக்கு இந்த விளையாட்டு பிடித்துப்போகும். கைக்குழந்தையே இல்லாதவள்கூட “மூணு தபா!” என்று உரக்கச் சொல்லிவிட்டு முந்தானையால் வாயைப் பொத்திக்கொள்வாள்.

அவர் பயிற்சி வகுப்பில் தவறாமல் சொல்லும் ஆய்வு மகாராஷ்டிரத்தின் கட்சிரோலியில் நடந்தது. ராணி பங்கும் அபய் பங்கும் இரண்டு கிராமங்களில் 650 பெண்களைப் பரிசோதித்து, 1989 ஜனவரியில் ‘லான்செட்’ இதழில் எழுதினார்கள். 92 விழுக்காட்டினருக்குப் பெண்களுக்கே உரிய ஏதோ ஒரு நோய் இருந்தது. அதற்காக முன்பு எப்போதாவது பரிசோதிக்கப்பட்டவர்கள் 8 விழுக்காடுதான். பிரசவம், குடும்பக் கட்டுப்பாடு இரண்டையும் விட்டால் பெண்ணுடம்பில் பார்க்க வேறொன்றுமில்லை என்று நினைத்திருந்த பொதுச் சுகாதாரத் துறைக்கு அது பலத்த அடி. கேட்காததால் இல்லை என்று ஆகிவிட்ட நோய்கள் அவை.

ஜவ்வாது மலையிலும் ‘உங்களுக்கு ஏதாவது நோய் உண்டா?’ என்று கேட்டால் ‘இல்லை’ என்பதுதான் பதில். வெள்ளைபடுவது அவர்களுக்கு நோய் இல்லை, உடம்புச் சூடு. அதனால் அவர் நோயின் பெயரைக் கேட்பதை விட்டார். இடுப்பு வலியில் கொல்லைக்குப் போகாமல் நின்ற நாள் உண்டா, ஒண்ணுக்குப் போகும்போது எரிகிறதா, படியேறினால் மூச்சு வாங்குகிறதா என்று கேட்டார். கேள்வி மாறியதும் பதில்கள் கொட்டின. சத்து மாத்திரை விஷயமும் அப்படித்தான். ‘சாப்பிட்டீர்களா?’ என்றால் ‘ஆமாம்’. ‘மீதி எங்கே, காட்டுங்க’ என்றால் கூரைச் செருகலிலிருந்து பிரிக்காத அட்டைகள் வரும். வயிற்றில் பிள்ளை பெருத்துவிடும், அப்புறம் வயிற்றைக் கிழிப்பார்கள் என்ற பயம். தமிழ்நாட்டில் 15 முதல் 49 வயதுப் பெண்களில் 53.4 விழுக்காட்டினருக்கு ரத்தசோகை என்கிறது ஐந்தாவது ஆய்வு. மலைக்கு மட்டும் சொந்தமான குறையில்லை அது.

தீட்டைப் பற்றி எழுத வரும் இளம் ஆய்வாளர்கள் மலையில் எதையோ புதிதாகப் பார்த்ததுபோல் திடுக்கிடுவார்கள். வீட்டுக்குத் தூரமானால் திண்ணையில் பாய், தனித் தட்டு, தனிச் சொம்பு. “உங்க பாட்டி வீட்ல எப்படி?” என்று அவர் கேட்டதும் அந்தத் திடுக்கிடல் பாதியாகக் குறையும். மதுரை மாவட்டத்துக் கூவலாபுரத்தில் விலக்கான பெண்கள் தங்குவதற்கு முட்டுவீடு இருப்பது பத்திரிகைகளில் வந்த செய்தி. 2018 நவம்பரில் கஜா புயலன்று பட்டுக்கோட்டை அருகே அணைக்காட்டில், பூப்பெய்தியதால் தனிக்குடிசையில் படுக்கவைக்கப்பட்ட பள்ளிச் சிறுமி மரம் விழுந்து இறந்தாள். அது மலையூர் இல்லை, டெல்டா. ஒதுங்கி உட்காருவதால் ரத்தசோகை வராது. எங்கே ஒதுங்குகிறாள், மேலே கூரை உண்டா, துணி வெயிலில் காய்கிறதா, தேர்வு நாளில் வந்தால் என்ன ஆகிறது என்று கேட்டால்தான் கேட்டது பயன்படும் என்பார். நேபாளத்தில் விலக்கான பெண்களைக் குடிசைக்கு ஒதுக்கும் சௌபடி வழக்கத்தை உச்ச நீதிமன்றம் 2005இலேயே தடை செய்தது. 2017இல் மூன்று மாதச் சிறை, மூவாயிரம் நேபாள ரூபாய் அபராதம் என்று சட்டமும் வந்தது. அதன் பிறகும் குடிசைகளில் குளிரிலும் புகையிலும் பெண்கள் செத்தார்கள்.

காஞ்சிபுரத்திலிருந்து மலையேறி வந்தவர்கள் என்பது மலையாளிகள் தங்களைப் பற்றிச் சொல்லும் கதை. எட்கர் தர்ஸ்டன் 1909இல் வெளியிட்ட தொகுதிகளிலும் அது இருக்கிறது. கீழே இருந்து வந்தவர்களோ இல்லையோ, கீழே இருக்கும் சில வியாதிகள் மேலே ஏறவில்லை. இங்கே மாப்பிள்ளை வீட்டார்தான் பரியம் கொடுத்துப் பெண்ணெடுப்பார்கள். ஒத்துவராவிட்டால் ஊர்ப் பெரியவர்கள் முன்னால் தீர்த்துக்கொண்டு அவள் வேறு வாழ்க்கை தேடிக்கொள்ளலாம். புருஷன் செத்தவள் மறுபடி கட்டிக்கொள்வது புதுமையில்லை. சமவெளியில்தான் உசிலம்பட்டியின் பெண்சிசுக் கொலைகள் நடந்தன. 1986இல் ‘இந்தியா டுடே’ அதை அட்டைக் கட்டுரையாகப் போட்டது. 1992இல் அரசு தொட்டில் குழந்தைத் திட்டத்தைச் சேலத்தில் தொடங்க வேண்டி வந்தது. ஷீலா ராணி சுங்கத்தும் வெங்கடேஷ் ஆத்ரேயாவும் ஆரம்ப சுகாதார நிலையங்களின் பதிவேடுகளைப் புரட்டி, பெண்சிசுக் கொலை எந்தெந்தப் பக்கம் அடர்ந்திருக்கிறது என்று 1997இல் கட்டுரை எழுதினார்கள். கையில் ஏற்கெனவே இருந்த பதிவேட்டை வேறு கண்ணால் படித்ததற்கு அதை ஓர் உதாரணமாகக் காட்டுவார்.

அதற்காக அவர் மலையைத் தலையில் தூக்கி ஆடுவதில்லை. பரியம் கொடுத்துக் கூட்டிவந்தவள் காட்டு வேலைக்கு வரமாட்டேன் என்று சொல்ல முடியாது. வலி எடுக்கும் நாள் வரை களை வெட்டிய பெண்களை அவர் நிறையப் பார்த்திருக்கிறார். சிறுவயதுக் கல்யாணத்துக்கும் வீட்டுக்கு வீடு காரணம் வேறு. பெற்றோர் பிழைப்பு தேடி வெளியூர் போகும்போது வயசுக்கு வந்த பெண்ணை யாரிடம் விட்டுப் போவது என்ற பயம் ஒன்று. பள்ளி எட்டாம் வகுப்போடு நின்று, அடுத்த பள்ளிக்குக் காட்டு வழியில் நடக்க வேண்டியிருப்பது இன்னொன்று. பெண்ணும் பையனும் தாமாகவே கிளம்பிப் போய்விட, ஊர் கூடிச் சேர்த்துவைப்பதும் உண்டு. ‘பெற்றோர் கட்டாயம்’ என்று ஒரே கட்டத்தில் குறி போட்டு முடித்துவிட முடியாது.

குறி போடும் கட்டங்களோடுதான் அவருக்குப் பெரிய சண்டையே. ‘ஏன் வீட்டில் பிரசவம் பார்த்தீர்கள்?’ என்ற கேள்விக்குக் கீழே அச்சிட்டு வரும் பதில்களில் ‘வழக்கம்’ என்று ஒன்று இருக்கும். களைத்துப்போன கணக்கெடுப்பாளருக்கு அதைப்போல் வசதியானது வேறில்லை. பெண்ணும் அதைத்தான் முதலில் சொல்வாள்: “எங்க வழக்கம்மா.” அங்கே பேனாவை மூடிவிட்டால் அறிக்கையில் ‘தீங்கு தரும் பண்பாட்டு வழக்கம்’ என்ற தலைப்பின் கீழ் ஒரு விழுக்காடு கூடும். மூடாமல், “சரிம்மா, அன்னிக்கு வலி எடுத்தது எப்போ?” என்று கேட்டால் கதை வேறாகும். ராத்திரி. மழை. ஓடையில் தண்ணி. புருஷன் கேரளாவில். 108க்குப் பேச சிக்னல் கிடைக்கும் பாறை அரை மணி நேர நடை. ஆஸ்பத்திரியில் கூட இருக்க ஒரு பொம்பளை வேண்டும். அவள் வந்துவிட்டால் மற்ற பிள்ளைகளுக்குச் சோறு யார் போடுவது? இத்தனையும் அந்த ஒற்றைக் கட்டத்துக்குள் அடங்கிக் கிடந்தவை. பிறகு அவர் தயாரித்த தாள்களில் ‘வழக்கம்’ என்ற கட்டமே இருக்காது. பெண் அப்படிச் சொன்னால் அடுத்த கேள்விக்குப் போக வேண்டும், அவ்வளவுதான்.

ஜவ்வாது மலைத் தொடரின் வேலூர்ப் பக்கத்து அல்லேரி மலையில், அத்திமரத்துக்கொல்லை என்ற குக்கிராமத்தில் 2023 மே மாதக் கடைசியில் ஒன்றரை வயதுக் குழந்தையைப் பாம்பு கடித்தது. ஆஸ்பத்திரி போய்ச் சேர்வதற்குள் குழந்தை இறந்தது. உடலோடு திரும்பிய ஆம்புலன்ஸ் சாலை முடிந்த இடத்தில் நின்றுவிட, தாய் குழந்தையைச் சுமந்துகொண்டு மலையில் நடந்தாள். நாடே அந்தப் படத்தைப் பார்த்தது. அதே பாதையில் வலியோடு இறங்க வேண்டியவள் வீட்டிலேயே பெற்றுக்கொண்டால் அதை எந்தக் கட்டத்தில் குறிப்பது என்று அவர் கேட்கிறார். மலை ஆரம்ப சுகாதார நிலையங்களில் பிரசவத்துக்கு முன்பே வந்து தங்க அரசு அறைகள் கட்டியிருக்கிறது. நல்ல காரியம். கூட வருகிறவளுக்கும் அவள் இழுத்துவரும் பிள்ளைக்கும் சாப்பாடு கிடைக்கும் இடங்களில் அந்த அறைகளில் ஆள் இருக்கும் என்பது அவர் பார்த்தது.

2015க்குப் பிறகு இந்தத் தொழில் கடினமாகிவிட்டது. அந்த ஏப்ரல் 7ஆம் தேதி சேஷாசலம் காட்டில் செம்மரம் வெட்ட வந்தவர்கள் என்று சொல்லி ஆந்திரப் போலீஸ் 20 பேரைச் சுட்டுக் கொன்றது. திருவண்ணாமலை மாவட்டத்தவரும் அவர்களில் இருந்தார்கள். அதற்கப்புறம் மலையில் முன்பின் தெரியாதவர் தாளை எடுத்தாலே கதவு சாத்திக்கொள்ளும். ஆய்வுக்கு ஒப்புதல் படிவம் கட்டாயம்; அதில் கையெழுத்தோ கைநாட்டோ வேண்டும். கைநாட்டு என்றால் வனத்துறை வழக்கும் போலீஸ் ஸ்டேஷனும்தான் ஞாபகத்துக்கு வரும். இந்திய மருத்துவ ஆராய்ச்சிக் கழகத்தின் 2017 நெறிமுறைப்படி பழங்குடி ஊர்களில் ஊர்த் தலைவரின் அனுமதியும் பெற வேண்டும். ஆனால் அவருடைய அனுமதி பெண்ணின் சம்மதத்துக்கு ஈடாகாது. ஊர்க்கவுண்டர் தலையாட்டிவிட்டால் அவள் மறுக்க முடியுமா? அதனால் அவள் தனியே இருக்கும்போது நம் ஆய்வாளர் இன்னொரு முறை கேட்பார். ‘வேண்டாம்’ என்று சொன்னால் தாளில் வேறு எதையோ எழுதுவதுபோல் பாவனை செய்துவிட்டுக் கிளம்பிவிடுவார். ஊருக்கு அவள் பேசியதாகத்தான் தெரியும்.

ஊர்ப் பெரியவர்களைத் தாண்டிப் போகவும் முடியாது. பெண்ணுறுப்புச் சிதைப்பை நிறுத்துவதாக 1997இல் செனகல் நாட்டின் மலிகுண்டா பம்பாரா கிராமத்துப் பெண்கள் ஊரறிய அறிவித்ததை ஆய்வாளர்கள் இன்றும் பேசுவதற்குக் காரணம் இதுதான். ஒரு வீடு மட்டும் நிறுத்தினால் அந்த வீட்டுப் பெண்ணுக்கு வரன் அமையாது. ஊரோடு நிறுத்தினால் யாருக்கும் நஷ்டமில்லை. ‘பதினெட்டுக்கு முன்னால் எங்கள் ஊர்களில் பந்தக்கால் நடமாட்டோம்’ என்று பெரியவர்கள் சொல்லும் சொல்லுக்கு இங்கே கலெக்டர் ஆபீஸ் சுவரொட்டியைவிட மதிப்பு அதிகம் என்று அவர் அடித்துச் சொல்கிறார்.

ஆனால் இப்போது அவரை அலைக்கழிப்பது வேறொன்று. 2012இல் வந்த போக்சோ சட்டத்தின் 19ஆம் பிரிவுப்படி, பதினெட்டு வயது நிரம்பாதவர் மீதான பாலியல் குற்றம் தெரியவந்தால் யாராக இருந்தாலும் புகார் செய்தாக வேண்டும். மறைத்தால் ஆறு மாதம் வரை சிறை. 2017 அக்டோபரில் உச்ச நீதிமன்றம் பதினெட்டு வயதுக்குட்பட்ட மனைவியோடு கொள்ளும் உறவும் பாலியல் வன்முறையே என்று தீர்ப்பளித்தது. இரண்டுமே தேவையான பாதுகாப்புகள் என்பதில் அவருக்குச் சந்தேகமில்லை. ஆனால் பதினேழு வயதுக் கர்ப்பிணி செவிலியர் முன்னால் வந்து உட்கார்ந்தால் அவள் புருஷன் ஜெயிலுக்குப் போவான் என்ற செய்தி மலைக்கு ஏறிவிட்டது. கர்ப்பத்தை அரசிடம் பதியும்போது தரும் பிக்மி எண் இல்லாமல் பிள்ளைக்குப் பிறப்புச் சான்றிதழ் வாங்க முடியாது. எண் வாங்கப் போனால் வயதைக் கேட்பார்கள். விளைவு, பதிவுக்கு வருகிற இளம் கர்ப்பிணிகள் எல்லாருக்கும் வயது பத்தொன்பது. வராதவர்கள் கடைசி மாசம் வரை கொல்லைக் குடிசையில். ரத்தம் குறைவாக இருக்கிறதா, அழுத்தம் ஏறுகிறதா என்று யாரும் பார்த்திருக்க மாட்டார்கள். ஆபத்து அதிகமானவள் யாரோ அவளே பரிசோதனையிலிருந்து விலகி நிற்கிறாள்.

வயது கேட்கும் கேள்வியே வழக்காகிவிட்டதால் பதினெட்டுக்குக் கீழே இருப்பவர்களிடம் அவர் இப்போது திருமணம் பற்றிக் கேட்பதில்லை. இருபது தாண்டியவர்களிடம் பழைய கணக்கைக் கேட்கிறார். ஆய்வுக்கு அது போதும். பதினேழு வயதுக்காரிக்குப் போதாது. 2022 செப்டம்பர் 29 அன்று உச்ச நீதிமன்றம், கருக்கலைப்புக்கு வரும் பதினெட்டு வயதுக்குட்பட்ட பெண்ணும் அவளுடைய பாதுகாவலரும் கேட்டுக்கொண்டால் அவள் பெயரையும் அடையாளத்தையும் மருத்துவர் போலீசிடம் சொல்லத் தேவையில்லை என்று தீர்ப்பளித்தது. பிள்ளையைப் பெற்றுக்கொள்ள வருகிறவளுக்கும் அந்தப் பாதுகாப்பு வேண்டும். முதலில் பிரசவம், பிறகு விசாரணை என்று சுகாதாரத் துறை எழுத்தில் உத்தரவு போட வேண்டும். மலைமேல் ஜமுனாமரத்தூரிலிருந்து சென்னை வரை தாம் பேசும் ஒவ்வொரு கூட்டத்திலும் அவர் வைக்கும் கோரிக்கை இது ஒன்றுதான்.